துணி போட்ட கை

வேங்கிக்கால்,
3 பிப்ரவரி 2025

இனியாவுக்கு,

என் நம்பரை நீ பிளாக் செய்துவிட்டாய். அத்தையின் போனிலிருந்து கூப்பிட்டாலும் எடுப்பதில்லை, பெற்ற தாயின் போன் என்றுகூடப் பார்க்கவில்லை. உனக்கும் எனக்கும் நடுவில் இந்த ஒரு ஊர்தான் இருக்கிறது, ஷேர் ஆட்டோ ஏறினால் வந்துவிடலாம். வந்தும் பார்த்தேன். உன் கெஸ்ட் ஹவுஸ் வாட்ச்மேன் கேட்டிலேயே நிறுத்தி, "மேடம் எடிட்டிங்ல இருக்காங்க, யாரையும் உள்ள உடக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்க" என்றார். அதனால் தபாலில் எழுதுகிறேன். கலெக்டர் ஆபீசில் உட்கார்ந்து ஊரார் மனுவுக்கெல்லாம் "பரிசீலனையில் உள்ளது" என்று பதில் எழுதுகிறவள் நான். இப்போது நாத்தனாருக்கு மனுப் போடும் நிலைமை வந்திருக்கிறது.

நடந்ததை முதலில் எழுதிவிடுகிறேன், அப்படி ஒன்றும் நடக்கவில்லை என்று நாளைக்கு நீ சொல்லக் கூடாது. போன மாதம் செங்கம் ரோட்டில் நீ தங்கியிருக்கும் அந்த மொட்டைமாடியில் உன் அண்ணனைப் பற்றி நீ எடுத்த படத்தைப் போட்டாய். வந்தவர்களுக்கெல்லாம் மெத்தை. எனக்கும் அத்தைக்கும் கடைசியில் பிளாஸ்டிக் நாற்காலி. அதை விடு. படத்தில் அவர் உட்கார்ந்து பேசுகிறார். எல்லையில் அவர்கள் போஸ்ட்டில் பீரங்கிக் குண்டு விழுந்தது, செத்தவர்களை வரிசையாகக் கிடத்தி வெள்ளைத் துணி போர்த்தும்போது, நினைவில்லாமல் கிடந்த அவரையும் சேர்த்துப் போர்த்திவிட்டார்கள், வண்டியில் ஏற்றும்போதுதான் அவர் கால் அசைந்ததை ஒருத்தர் பார்த்தார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் இதை அவர் என்னிடம் சொன்னதில்லை. வாய்க்குள்ளேயே பேசியதால் பாதி காதில் விழவில்லை. கீழே ஓடிய இங்கிலீஷ் எழுத்தைப் படித்துத்தான், என் புருஷன் பிணங்களோடு பிணமாகக் கிடந்ததை நான் தெரிந்துகொண்டேன். பக்கத்தில் அத்தை, "இன்னா சொல்றான், இன்னா சொல்றான்" என்று என் கையைப் பிடித்து இழுத்தார். எதைச் சொல்வேன் அவரிடம்?

படம் முடிவதற்குள் உன் அண்ணன் நடந்து வந்து தரையில் படுத்தார். நீ திரையைக் கழற்றினாய். ஓடிக்கொண்டிருந்த படத்தில் அவர் முகம் தண்ணீர் டேங்க் மேல் விழுந்து அங்கே பேசிக்கொண்டிருந்தது. கழற்றிய துணியை அவர்மேல் தலையோடு கால் போர்த்தினாய். விளக்கு அணைந்தது. எல்லோரும் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு அவரைத் தாண்டிப் படியிறங்கிப் போனார்கள். அவ்வளவுதான் நிகழ்ச்சி. யாரும் அவரை எழுப்பவில்லை.

உங்கள் ஊர் திரௌபதி அம்மன் கோயில் படுகளத்தைப் பற்றி வாழ வந்த நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. பாரதப் போர் முடிகிற நாளில் உங்கள் வீட்டு ஆண் ஒருத்தர் செத்தவராகப் படுப்பார். வீட்டுப் பெண் துணி போட்டு ஒப்பாரி வைப்பாள். அம்மனின் சாட்டையோடு பூசாரி வந்ததும், துணி போட்டவளே மஞ்சள் தண்ணீர் தெளித்துத் துணியை எடுத்து எழுந்திரு என்று சொல்ல வேண்டும். சொன்னால்தான் அவர் எழ வேண்டும். பட்டாளத்திலிருந்து லீவு போட்டு வந்து அவர் படுப்பார், நீதான் துணி போடுவாய் என்று அத்தை எத்தனை முறை சொல்லியிருக்கிறார்.

அன்றைக்கு விளக்குக்காரர்கள் ஒயரைச் சுருட்ட வந்தபோது அவரே எழுந்து டீ குடித்துவிட்டு வீட்டுக்கு வந்தார். உண்மைதான். மறுநாளிலிருந்து ஹாலில் தரையில் நேராகப் படுத்து, வேட்டியை முகத்துக்கு மேல் இழுத்துப் போர்த்திக்கொள்கிறார். காலேஜ் செக்யூரிட்டி வேலைக்குப் போகவில்லை. கூப்பிட்டால் துணிக்குள்ளிருந்து, "இரு தேவி, இன்னும் எழுப்பல" என்கிறார்.

நீ வந்து துணியை எடுக்க வேண்டும். வேறு ஒன்றும் நான் கேட்கவில்லை.

தகவலுக்காகவும் தக்க நடவடிக்கைக்காகவும்,
அருணாதேவி


செங்கம் ரோடு,
9 பிப்ரவரி 2025

அண்ணிக்கு,

பிளாக் செய்ததற்குக் காரணம் உங்களுக்கே தெரியும். மாடிப்படியில் அத்தனை பேர் முன்னால், "செத்தவங்கள வெச்சுப் பேர் வாங்கறியாடி" என்று கத்தினீர்கள். தமிழ் தெரியாதவர்களுக்கும் அது புரிந்தது. அதற்குப் பிறகு உங்களோடு என்ன பேசுவது?

நீங்கள் எழுதியதில் ஒன்றை விட்டுவிட்டீர்கள். அண்ணன் சின்னக் குழந்தை இல்லை. அன்றைக்கு நான் படுப்பதாகத்தான் இருந்தது, அவன் துணி போடுவதாக இருந்தது. ஒத்திகையில் அவனே, "நீ எப்படிப் படுப்ப? நம்ம ஊட்ல ஆம்பளதான் படுக்கறது. நான் படுக்கறேன், நீ துணியப் போடு" என்றான். பிரசாத் கேமராவோடு பக்கத்தில்தான் இருந்தான், அவனைக் கேட்டுப் பாருங்கள்.

ஏன் எழுப்பவில்லை என்கிறீர்கள். ஊரில் மஞ்சள் தண்ணீர் பட்டதும் எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டு பொங்கல் வாங்கப் போகிறார்கள். அண்ணனோடு வரிசையில் கிடந்தவர்களில் யார் எழுந்தார்கள்? நான் அவனை எழுப்பியிருந்தால் பார்த்தவர்கள் கைதட்டிவிட்டு டிபன் சாப்பிடப் போயிருப்பார்கள். அப்படிப் போகக் கூடாது என்றுதான் எழுப்பாமல் விட்டேன். இதற்காகத்தான் இரண்டு வருஷமாக வேறு வேலை எதையும் ஒத்துக்கொள்ளாமல் உட்கார்ந்திருக்கிறேன்.

உங்களிடம் ஏன் சொல்லவில்லை என்று நானும் அவனிடம் கேட்டேன். "அவ அழுவா, அப்பறம் நான் சமாதானம் பண்ணணும். கேமரா அழாது" என்றான். உங்களைக் குத்துவதற்காக இதை எழுதவில்லை. இல்லை, கொஞ்சம் குத்துவதற்காகத்தான் எழுதுகிறேன். அவன் திரும்பி வந்தபோது ஊர் எல்லை வரைக்கும் பிளெக்ஸ் வைத்தார்கள். மழையில் பிளெக்ஸ் கிழிந்த பிறகு ஒருத்தரும் எட்டிப் பார்க்கவில்லை. தீபத்தன்று வெடிச் சத்தம் கேட்டால் பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் போய் உட்கார்ந்துகொள்கிறான். நீங்கள் அக்கம்பக்கத்தில் ஜுரம் என்று சொல்லிக்கொண்டிருந்தீர்கள். நீங்கள் மூடி வைத்ததை நான் காட்டினேன். அது தப்பா?

அவனுக்கு இருப்பது நோய் அண்ணி. நல்ல டாக்டராகப் பார்த்துக் கூட்டிக்கொண்டு போங்கள். நான் போர்த்தியது கடையில் வாங்கித் தைத்த வெள்ளைத் துணி, அதில் அம்மனும் இல்லை, ஆவியும் இல்லை. படம் கொச்சியில் ஒரு விழாவுக்குத் தேர்வாகியிருக்கிறது. அதை முடித்துவிட்டு வந்து பார்க்கிறேன்.

இனியா


வேங்கிக்கால்,
17 பிப்ரவரி 2025

இனியாவுக்கு,

பார்வை: உன் 9ஆம் தேதிக் கடிதம்.

ஆமாம், ஜுரம் என்றுதான் சொன்னேன். பைத்தியம் என்று பேர் வந்தால் வாசலில் நிற்கிற வேலையைக்கூட எவனும் தர மாட்டான். நீ காட்டிவிட்டு அடுத்த ஊருக்குப் போய்விடலாம். இந்தத் தெருவில் பால் வாங்குகிறவள் நான்.

டாக்டரிடம் போகச் சொல்லி எழுதுகிறாய். படம் எடுக்க அவரை நீ உட்கார வைப்பதற்கு முன்னாலிருந்தே மாதா மாதம் கூட்டிக்கொண்டு போகிறவள் யார்? மாத்திரையை மாற்றிக் கொடுத்திருக்கிறார்கள். நன்றாகத் தூக்கம் வருகிறது. முழித்தாலும் அந்தத் துணிக்குள்ளேதான் கிடக்கிறார்.

நானே எழுப்பிப் பார்த்தேன். தலைக்குக் குளித்து, மஞ்சள் கரைத்து, உங்கள் ஊரில் செய்கிற மாதிரியே தெளித்து வேட்டியை இழுத்தேன். அவர் விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டார். கோபம் எல்லாம் இல்லை. பச்சைக் குழந்தைக்குச் சொல்கிற மாதிரி, "நீ போடலியே தேவி. நீ எடுத்தா நான் எப்படி எழுந்திருக்கறது? பாப்பா வரும், இரு" என்றார். பாப்பா என்றால் நீதான். இந்த வயதிலும் உன்னை அவர் அப்படித்தான் சொல்கிறார்.

அத்தை ஊருக்குப் போய்ப் பூசாரி முருகையனைக் கூட்டிவந்தார். அவர் ஹாலில் நின்று பார்த்தார், கிட்டே போகவில்லை. "போட்ட கைதாம்மா எடுக்கணும். வேற கை பட்டா சிக்கல் ஜாஸ்தியாப் பூடும். பொண்ண வரச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டுத் தண்ணீர்கூடக் குடிக்காமல் கிளம்பிவிட்டார்.

எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை உண்டா என்று கேட்காதே. நான் பிஎஸ்சி கெமிஸ்ட்ரி. மஞ்சள் தண்ணீரில் என்ன இருக்கும் என்று எனக்குத் தெரியும். ஆனால் அவருக்கு நம்பிக்கை இருக்கிறது. நீ மொட்டைமாடியில் நாடகம் போட்டாய், அவர் படுகளத்தில் படுத்தார். "நம்ம ஊட்ல ஆம்பளதான் படுக்கறது" என்று அவர் சொன்னதை எனக்கே எழுதியிருக்கிறாய். அந்த இடத்திலேயே உனக்குப் புரிந்திருக்க வேண்டாமா? அந்த ஊரில் பிறக்காத ஒருத்தி செய்திருந்தால் தெரியாமல் செய்துவிட்டாள் என்று விட்டுவிடுவேன்.

உன்னை நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது. ஆனாலும் காலில் விழச் சொன்னாலும் விழுகிறேன். என் தாலியில் மூன்றாவது முடிச்சுப் போட்டது நாத்தனார் என்கிற முறையில் உன் கைதான். அவர்மேல் துணி போட்டதும் அதே கை. போட்டுவிட்டுப் போய்விடுவது உனக்குச் சுலபமாக இருக்கிறது.

அருணாதேவி


கொச்சி,
29 மார்ச் 2025

அண்ணிக்கு,

உங்கள் கடிதத்துக்கு உடனே பதில் எழுத உட்கார்ந்து மூன்று முறை கிழித்துப் போட்டேன். எல்லாவற்றிலும் நான் சண்டைதான் போட்டிருந்தேன்.

நேற்று படம் போட்டார்கள். அரங்கம் நிறைந்திருந்தது. மொட்டைமாடியில் பிரசாத் எடுத்ததைத்தான் கடைசிக் காட்சியாக வைத்திருக்கிறேன். அண்ணன் கிடக்கிறான், கால்கள் அவனைத் தாண்டிப் போகின்றன, முடிந்துவிடுகிறது. பிறகு மேடையில் என்னை உட்கார வைத்து நிறையக் கேட்டார்கள். உடம்பு, நினைவு, தேசம் என்று அவர்கள் கேட்க, நானும் பெரிய பெரிய வார்த்தையாகச் சொன்னேன். எனக்கு அது நன்றாகவே வரும். கடைசியில் ஒரு வயதான அம்மா மைக்கை வாங்கி, "அந்தப் பிள்ளை எழுந்துவிட்டதா?" என்று மட்டும் மலையாளத்தில் கேட்டார். வேறு ஒன்றும் கேட்கவில்லை. அரங்கமே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. எழுந்துவிட்டார் என்று பொய் சொல்லிவிட்டு இறங்கினேன்.

வருகிறேன் அண்ணி. அவன் எனக்காகக் காத்துக்கொண்டு கிடக்கிறான் என்று நீங்கள் எழுதியதை நான் திமிராக ஒதுக்கிவிட்டேன். என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு தேர் காட்டியவன் அவன். நானே மஞ்சள் கரைத்து, நானே எடுக்கிறேன்.

ஒன்று கேட்பேன், கோபப்படாதீர்கள். பிரசாத்தும் வரட்டும். ஒரு மூலையில் நிற்பான், இருக்கிற இடமே தெரியாது. அந்த அம்மா கேட்டபோதுதான் இந்தப் படத்துக்கு முடிவு இல்லை என்று எனக்கு உறைத்தது. அவன் எழுவதையும் ஜனங்கள் பார்க்க வேண்டும். கிடப்பதை மட்டும் காட்டிவிட்டு எழுந்ததைக் காட்டாமல் விட்டால் அது அவனுக்கு நான் செய்கிற இன்னொரு அநியாயம். நீங்கள் வேண்டாம் என்றால் வேண்டாம். ஆனால் யோசித்துச் சொல்லுங்கள்.

இனியா


வேங்கிக்கால்,
4 ஏப்ரல் 2025

இனியாவுக்கு,

யோசிக்க ஒன்றும் இல்லை. போன வாரம் வரைக்கும் சாப்பிடவாவது எழுந்தார். இப்போது துணிக்குள்ளிருந்து கையை மட்டும் வெளியே நீட்டி வாங்கிக்கொள்கிறார்.

கேமராவைக் கொண்டு வா. பிரசாத்தைக் கொண்டு வா. பந்தல் போட்டு மைக் செட் கட்டினாலும் சரி, வெள்ளைக்காரர்களை வேனில் கூட்டிக்கொண்டு வந்தாலும் சரி. எனக்கு அவர் எழுந்தால் போதும். ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஆபீஸ் லீவு, காலையிலேயே வந்துவிடு. சாப்பாடு இங்கேதான். பிரசாத் கறி சாப்பிடுவானா என்று தெரியவில்லை, சாம்பாரே வைக்கிறேன்.

அருணாதேவி


செங்கம் ரோடு,
22 ஏப்ரல் 2025

அன்புள்ள அண்ணிக்கு,

நீங்கள் ஏன் பேச மாட்டேன் என்கிறீர்கள்? நம்பரை எப்போதோ திறந்துவிட்டேன். கூப்பிட்டால் இப்போது நீங்கள் எடுப்பதில்லை. அம்மாவிடம் கேட்டால், "அவன் நல்லா கீறான், வேலைக்கிப் போறான், அவதான் ஒரு மாதிரியா கீறா" என்கிறாள். சரி, உங்கள் வழியிலேயே தபாலில் எழுதுகிறேன்.

அன்றைக்கு எடுத்ததை இப்போதுதான் உட்கார்ந்து பார்த்தேன். பார்த்து அழுதேன். நான் துணியை எடுத்ததும் அவன் கண்ணைத் திறந்து, "வந்துட்டியா பாப்பா" என்று சொன்ன இடத்தில் பிரசாத் எடுத்த படமே ஆடுகிறது. என் வாழ்க்கையில் நான் செய்த உருப்படியான காரியம் இது ஒன்றுதான் என்று தோன்றியது.

அந்த முதல் தடவை எடுத்ததைப் படத்தில் வைக்க முடியவில்லை. அவன் பேசுகிற இடத்தில் சரியாக உங்கள் குக்கர் விசில் விழுந்துவிட்டது. வேறு வழியில்லாமல்தான் இன்னொரு வாட்டி படுக்கச் சொன்னேன். அண்ணன் எவ்வளவு பொறுமை பாருங்கள், மூச்சு விடாமல் படுத்துக்கொண்டான். இரண்டாவது தடவை எல்லாமே கச்சிதமாக வந்திருக்கிறது. அதே கண், அதே குரல், அதே "வந்துட்டியா பாப்பா". பிரசாத் அசந்துபோய்விட்டான். அதைத்தான் முடிவாக வைத்திருக்கிறேன்.

நீங்கள் காபி டம்ளரோடு சமையலறை வாசலில் நின்றது ஓர் ஓரத்தில் விழுந்திருக்கிறது. அதை வெட்டிவிட்டேன். உங்கள் முகம் நன்றாக இல்லை. என்ன கோபம் உங்களுக்கு? நீங்கள் கேட்டது நடந்துவிட்டதே. அவன் எழுந்துவிட்டானே.

உங்கள் இனியா


வேங்கிக்கால்,
10 ஜூன் 2025

இனியாவுக்கு,

போனில் பேசினால் நான் கத்துவேன், நீ அதையும் பதிவு செய்து வைப்பாய். அதனால்தான் எடுப்பதில்லை. இது கடைசிக் கடிதம்.

என்ன கோபம் என்று கேட்டிருந்தாய். அன்றைக்கு நீ துணியை எடுத்தாய், அவர் எழுந்தார். பாப்பா என்று சொன்னது உன் பதிவில் இருக்கும். அதற்குப் பிறகு என்னைத் தேடிப் பார்த்து, "தேவி, ஒரு காபி போடறியா, சக்கர கம்மியா" என்றார். ஜனவரியிலிருந்து அவர் வாயால் என்னை ஒன்று கேட்கவில்லை. உன்மேல் இருந்த அத்தனை கோபமும் அந்த ஒரு பேச்சில் போய்விட்டது. பாலை அடுப்பில் வைத்துக்கொண்டே, நீ வெளியே வந்ததும் உன்னைக் கட்டிக்கொள்ள வேண்டும், மாடிப்படியில் பேசியதற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

டம்ளரோடு வந்து பார்த்தால் அவர் தரையில் கிடக்கிறார். நீ மறுபடி அவர்மேல் துணியை இழுத்துவிட்டுக்கொண்டிருக்கிறாய். நான் வாயைத் திறப்பதற்குள், "உஷ், ரெண்டே நிமிஷம் அண்ணி, சவுண்டுக்குத்தான்" என்றாய். குக்கர் விசில் அடித்ததாம். பிரசாத்துக்கும் உனக்கும் சாப்பாடு போட நான் வைத்த குக்கர் அது.

நீ போர்த்தியதை நீ எடுத்துவிட்டாய், அவர் எழுந்துவிட்டார், கணக்குச் சரி என்று நினைக்கிறாய். அத்தையும் அப்படித்தான் நினைக்கிறார். காலேஜில் மறுபடி எடுத்துக்கொண்டார்கள். குளிக்கிறார், ஷேவ் செய்கிறார், யூனிஃபாரம் போடுகிறார். தெருவில் எல்லோரும் ஆள் தேறிவிட்டார் என்கிறார்கள். அவர் சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டு என்னைப் பார்த்து, "சரியா வந்துச்சா?" என்று கேட்பார். முதலில் சட்டையைக் கேட்கிறார் என்றுதான் நினைத்தேன். சாப்பிட்டு எழுந்ததும் கேட்டார். தெருக்கோடியில் யாரோ சொன்ன ஜோக்குக்குச் சிரித்துவிட்டு உள்ளே வந்து கேட்டார். உங்கள் அப்பா திதிக்குக் கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டார். நான் ஆமாம் என்று சொன்னால்தான் அடுத்த வேலைக்குப் போகிறார். ஒரு நாள் பதில் சொல்லாமல் இருந்து பார்த்தேன். சாப்பிட்ட தட்டை மறுபடி முன்னால் வைத்துக்கொண்டு முதலிலிருந்து உட்கார்ந்தார்.

டாக்டரிடம் சொன்னேன், எழுதிக்கொண்டார்.

போன வெள்ளிக்கிழமை ஊரில் படுகளம். கேமரா இல்லாமல், முறைப்படி, நம் அம்மன் முன்னால் ஒரு தடவை படுத்து எழுந்தால் எல்லாம் போய்விடும் என்று நான்தான் அத்தையிடம் சொன்னேன். கெமிஸ்ட்ரி படித்த நான்தான். முருகையனும் சரி என்றார். இந்த முறை நான் துணி போட்டேன். மண்ணில் செய்த துரியோதனன் பக்கத்தில் அவரைக் கிடத்தினேன். எனக்கு ஒப்பாரி வைக்கத் தெரியாது, ஆனாலும் வைத்தேன். அத்தை எடுத்துக் கொடுக்கக் கொடுக்க நான் தொண்டை கிழியப் பாடினேன். அழுகையை வரவழைக்க வேண்டியிருக்கவில்லை, அதுவாகவே வந்தது. சாட்டை வந்தது. மஞ்சள் தண்ணீர் தெளித்து, துணியை எடுத்து, எழுந்திருங்க என்றேன்.

கண்ணைத் திறந்தார். என்னைப் பார்க்கவில்லை. கூட்டத்தில் மூலை மூலையாக யாரையோ தேடினார். பிரசாத்தைத்தான் தேடினார் என்று எனக்கு உடனே தெரிந்துவிட்டது. யாரும் இல்லை என்றதும் என் பக்கம் திரும்பினார்.

"சரியா வந்துச்சா தேவி? இல்ல, இன்னொரு வாட்டி படுக்கட்டுமா?"

ஊரே பார்த்துக்கொண்டிருந்தது. வந்துச்சுங்க, எழுந்திருங்க என்றேன்.

அருணாதேவி